சம்பளம் ஒரு பக்கம், சொந்தக் கதை ஒரு பக்கம்

அன்புள்ள அம்மாவுக்கு,

உங்கள் கடிதத்தில் கேள்விகள் பல இருந்தாலும் அடியில் இருப்பது ஒன்றுதான். பிளஸ் டூவில் கணிதமும் கணினி அறிவியலும் நன்றாகப் படிக்கும் மகள், பொறியியல் வேண்டாம், அனிமேஷன் படம் எழுதி இயக்கப் போகிறேன் என்கிறாள், நம்பி அனுப்பலாமா? அவள் உதாரணம் காட்டுவது ஸ்பெயின் நாட்டுக்காரரான செர்ஹியோ பாப்லோஸை. 'கிளௌஸ்' படத்தை எழுதி இயக்கியவர். "அவரால் முடிந்தது என்னால் முடியாதா?" என்று கேட்கிறாளாம், உங்களுக்குப் பதில் சொல்லத் தெரியவில்லையாம்.

அவள் நல்ல உதாரணத்தைத்தான் பிடித்திருக்கிறாள். ஆனால் அந்த வாழ்க்கையின் கடைசிப் பக்கத்தை மட்டும் படித்திருக்கிறாள். 2020 பிப்ரவரியில் பிரிட்டனின் பாஃப்டா திரைப்பட விருதோடு நிற்கும் மனிதர் அவள் கண்ணில் படுகிறார். உங்கள் கண்ணில் படுவதோ, அதே ஆசையோடு போய்ப் பெயர் தெரியாமல் போனவர்கள். இரண்டு பார்வைக்கும் நடுவில் இருக்கும் இருபத்தைந்து ஆண்டுகளுக்கும் மேலான உழைப்பை யாரும் பேசுவதில்லை. தொழில் ஆலோசகன் என்ற முறையில் எனக்கு அந்தப் பகுதிதான் முக்கியம். ஆகவே முதலில் அதைச் சொல்கிறேன்.

பாப்லோஸ் 1970இல் பார்சிலோனாவில் பிறந்தவர். 'கிளௌஸ்' வெளியானது 2019 நவம்பரில். ஒரு முழுநீளப் படத்தை இயக்கியவர் என்று அவர் பெயர் திரையில் வந்தபோது வயது நாற்பத்தொன்பதை ஒட்டியிருந்தது. இந்த ஒரு கணக்கை உங்கள் மகள் மனத்தில் பதித்துக்கொண்டால் உங்கள் வீட்டுச் சண்டையில் பாதி குறையும்.

அதுவரை அவர் என்ன செய்தார்? வேலை பார்த்தார். மாதச் சம்பளத்துக்கு, மற்றவர்கள் எழுதிய கதைக்கு, மற்றவர்கள் சொன்னபடி படம் வரைந்தார். பாரிஸில் அப்போது டிஸ்னிக்கு ஓர் அனிமேஷன் ஸ்டுடியோ இருந்தது; அங்கே தொடங்கி, பிறகு கலிஃபோர்னியாவில் இருந்த தலைமை ஸ்டுடியோவுக்குப் போனார். 'தி ஹன்ச்பேக் ஆஃப் நோத்ருதாம்', 'ஹெர்குலிஸ்' ஆகிய படங்களில் அனிமேட்டர். 1999இல் வந்த 'டார்ஜான்' படத்தில் டான்டர் என்ற பயந்தாங்கொள்ளி யானை வருமே, அதற்கு மேற்பார்வை அனிமேட்டர் அவர்தான். 2002இல் வந்த 'ட்ரஷர் பிளானட்' படத்தில் டாக்டர் டாப்ளர் என்ற நாய் முகம் கொண்ட வானியலாளருக்கும் அவரே.

மேற்பார்வை அனிமேட்டர் என்றால் என்ன வேலை என்பதைக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும், ஏனென்றால் உங்கள் மகள் கற்கப் போகும் தொழிலின் உயிர் அதில்தான் இருக்கிறது. ஒரு பாத்திரத்தை ஒரு குழு பகிர்ந்து வரையும். காட்சிக்குக் காட்சி கை மாறும். கை மாறினாலும் அந்த யானை அதே யானையாக, அதே மாதிரி தயங்கி, அதே மாதிரி கண் சிமிட்டிக்கொண்டு இருக்க வேண்டும். அந்தப் பொறுப்பு மேற்பார்வையாளருடையது. திரையில் ஒரு நொடிக்கு 24 சட்டங்கள் (ஃபிரேம்கள்). பெரும்பாலும் ஓர் ஓவியத்தை இரண்டு சட்டங்களுக்கு நிறுத்துவார்கள் என்பதால் நொடிக்குப் பன்னிரண்டு ஓவியங்கள். யானை பயப்படுகிறது என்ற ஒற்றை வரியை இப்படி ஓவியம் ஓவியமாக நடித்துக் காட்டுவது, அச்சு அசலாக நடிகனின் வேலை. காகிதத்தில் நடிக்கிற நடிகன். இதை ஆண்டுக்கணக்கில் செய்த ஒருவருக்குப் பாத்திரம் எப்படி உண்டாகிறது, எந்தக் காட்சி தேறும், எது படுத்துவிடும் என்பதெல்லாம் கைக்குள் வந்துவிடும். பாப்லோஸ் பின்னாளில் கதை எழுதும் திறனைப் பெற்ற பள்ளிக்கூடம் இது என்பது என் கணிப்பு. சம்பளமும் கொடுத்துக் கற்றுக்கொடுத்த பள்ளிக்கூடம்.

பிறகு அந்தப் பள்ளிக்கூடம் இடிந்தது. 'ட்ரஷர் பிளானட்' வசூலில் தோற்றது. கணினியில் உருவாக்கிய முப்பரிமாணப் படங்கள் ஓட ஆரம்பித்தன. பாரிஸ் ஸ்டுடியோவை டிஸ்னி 2003இல் மூடியது. அடுத்த ஆண்டே ஃபுளோரிடா ஸ்டுடியோவையும். உலகத்திலேயே மிகப் பத்திரமான அனிமேஷன் வேலை என்று எல்லோரும் நினைத்த வேலைக்கு அந்த கதி. "இந்தத் துறையில் வேலை நிரந்தரமா?" என்று கேட்டிருக்கிறீர்கள். டிஸ்னியிலேயே நிரந்தரமில்லை. ஆனால் நிறுவனம் போனபோது கைத்தொழில் போகவில்லை. பாப்லோஸ் ஸ்பெயினுக்குத் திரும்பி மாட்ரிட்டில் ஸ்டுடியோ அமைத்து, மற்றவர்களின் படங்களுக்கு அனிமேஷனும் பாத்திர வடிவமைப்பும் செய்து கொடுத்துப் பிழைத்தார். 2011இல் வந்த 'ரியோ' படத்தின் பறவைகளின் தோற்றத்தில் அவர் கை இருக்கிறது.

இந்தப் பிழைப்புக்கு நடுவில் அவர் செய்த இன்னொரு காரியத்துக்காகத்தான் இவ்வளவும் எழுதுகிறேன். அவர் கதைகளை எழுதி வைத்தார். ஒன்று, வில்லனே நாயகனாக இருக்கும் கதை. அதற்கு அவர் வைத்திருந்த பெயர் 'ஈவில் மீ'. அதைத் தயாரிப்பாளர் கிறிஸ் மெலடாண்ட்ரி வாங்கினார். 2010இல் 'டெஸ்பிக்கபிள் மீ' என்று வந்தது. மெலடாண்ட்ரியின் இல்யூமினேஷன் நிறுவனத்துக்கு அது முதல் படம். உலக அளவில் 54 கோடி டாலருக்கு மேல் வசூல். அதன் பிறகு வந்த தொடர்ச்சிகளும் மினியன் பொம்மைகளும் உங்கள் தெருக்கடையில்கூடத் தொங்கும்.

அந்தப் படத்தின் பெயர்ப்பட்டியலைப் பாருங்கள். 'கதை: செர்ஹியோ பாப்லோஸ்' என்று இருக்கும். நிர்வாகத் தயாரிப்பாளர்களிலும் அவர் பெயர் இருக்கும். திரைக்கதை வேறு இருவர். இயக்கம் வேறு இருவர். கதையைக் கொடுத்தவர் அவர். அது எப்படிப் படமாக வேண்டும் என்று முடிவு செய்தவர்கள் வேறு ஆட்கள். சில ஆண்டுகள் கழித்து 'ஸ்மால்ஃபுட்' (2018) படத்திலும் இதே நிலை: மூலக் கதை அவருடையது, படம் வார்னர் நிறுவனத்துடையது. இதில் கசப்புக்கு இடமில்லை. கதை விற்பது ஒரு கௌரவமான தொழில். ஆனால் விற்கும் கதை எது, வைத்துக்கொள்ளும் கதை எது என்று ஒருவர் முடிவு செய்ய வேண்டும். சாண்டா கிளாஸ் எப்படி உருவானார் என்ற கதையை அவர் வைத்துக்கொண்டார். அதுதான் 'கிளௌஸ்'.

அதை யாரும் உடனே எடுத்துக்கொள்ளவும் இல்லை. கையால் வரைந்த படம், அதுவும் கிறிஸ்துமஸ் படம் என்றால் முதலீட்டாளர்கள் தயங்கினார்கள். அவர் செய்தது நல்ல வியாபாரிக்கு உரிய காரியம். சிறிய முன்னோட்டப் படம் ஒன்றைத் தயாரித்து 2015இல் வெளியிட்டார். கையால் வரைந்த உருவங்கள் மேல் ஒளியும் நிழலும் விழுந்து, முப்பரிமாணமாகத் தெரிந்தன. உருவங்கள் தட்டையாக இருக்கின்றன என்பது இருபரிமாண அனிமேஷன் மீது இருந்த பழைய குறை. பிரான்சின் ஒரு சிறு நிறுவனத்தோடு சேர்ந்து உருவாக்கிய ஒளியூட்டும் மென்பொருளால் அதை அவர் குழு தீர்த்தது. 2017இல் நெட்ஃபிளிக்ஸ் வாங்கியது. அந்த நிறுவனத்தின் முதல் சொந்த அனிமேஷன் திரைப்படமாக 2019இல் வந்தது. பாஃப்டா கிடைத்தது, அனிமேஷனுக்கென்றே உள்ள ஆனி விருதுகளில் போட்டியிட்ட ஏழு பிரிவுகளிலும் வென்றது, ஆஸ்கர் பரிந்துரை வந்தது. சொந்த நாட்டு கோயா விருது மட்டும் கிடைக்கவில்லை. அந்த ஆண்டு இயக்குநர் லூயிஸ் புனுவெலைப் பற்றிய இன்னொரு ஸ்பானிய அனிமேஷன் படம் வாங்கிக்கொண்டது. போட்டி அந்த நாட்டுக்குள்ளேயே எவ்வளவு கடுமை என்பதற்கு இதைவிடச் சான்று வேண்டாம்.

நான் உங்களுக்கும் அவளுக்கும் சொல்ல விரும்புவது இதுதான். இந்த மனிதர் சம்பளத்தையும் சொந்தக் கதையையும் இரண்டு தனிக் கணக்குகளாக வைத்திருந்தார். வேலை செய்த கணக்கு வீட்டு வாடகையைக் கட்டியது. கதைக் கணக்கில் வெகுகாலம் வரவே இல்லை. ஆனால் அவர் அதில் போட்டுக்கொண்டே இருந்தார். 'கனவா, வேலையா' என்று உங்கள் வீட்டில் நடக்கும் விவாதம் தப்பான விவாதம். வேலைக்கு உரிய கைத்திறனை இருபத்திரண்டு வயதுக்குள் கற்றுக்கொள்ளட்டும். கதையை இன்றைக்கே தொடங்கட்டும்.

கதை என்றதும் நீங்கள் "அவள் நன்றாக வரைவாள், எழுதுவது இல்லை" என்று குறிப்பிட்ட வரி நினைவுக்கு வருகிறது. அது எனக்குக் கவலை தந்தது. ஸ்பெயின் திரையுலகம் ஆண்டுதோறும் கொடுக்கும் கோயா விருதுகளில் சிறந்த தழுவல் திரைக்கதை என்று ஒரு பிரிவு உண்டு. எல்லாப் படங்களும், நடிகர்கள் நடித்த படங்களும், போட்டியிடும் பிரிவு அது. 2012இல் அந்த விருதை 'அர்ருகாஸ்' என்ற அனிமேஷன் படம் வென்றது: முதியோர் இல்லத்தில் மறதிநோயால் மெல்ல மெல்லத் தன்னை இழக்கும் ஒரு வங்கி அதிகாரியின் கதை, வலென்சியாவைச் சேர்ந்த பாக்கோ ரோக்காவின் சித்திரக்கதையிலிருந்து எடுத்தது. மறு ஆண்டே 'தாதேயோ ஜோன்ஸ்' என்ற அனிமேஷன் படம் வென்றது. 2024இல் பாப்லோ பெர்ஹரின் 'ரோபோட் ட்ரீம்ஸ்' வென்றது, அதுவும் அனிமேஷன்தான். இந்தக் கடைசிப் படத்தில் வசனமே கிடையாது. ஒரு நாயும் ஒரு ரோபோவும் நண்பர்களாகிப் பிரிகின்றன, அவ்வளவுதான். ஒரு வார்த்தைகூடப் பேசாத படத்துக்குத் திரைக்கதை விருது என்றால், அந்தத் தொழில் எதைத் திரைக்கதை என்று நினைக்கிறது என்று அவளிடம் கேளுங்கள். பெர்ஹர் அனிமேட்டர் அல்லர் என்பதையும் சொல்லுங்கள். நடிகர்களை வைத்துப் படம் எடுத்துக்கொண்டிருந்தவர், எழுதத் தெரிந்தவர். வரைவதற்குத் தேர்ந்த கலைஞர்களைச் சேர்த்துக்கொண்டார்.

'தாதேயோ ஜோன்ஸ்' எடுத்த என்ரிக்கே காத்தோ உங்களுக்குப் பிடிக்கும். கணினி விளையாட்டுத் துறையில் வேலை பார்த்தவர்; 2004இல் ஒரு குறும்படம், பிறகு இன்னொரு குறும்படம், 2012இல்தான் முழுப்படம். கணினிப் பின்னணியை வைத்துக்கொண்டே இங்கே வரலாம் என்பதற்கு அவர் உயிருள்ள சான்று. உங்கள் மகளின் கணினி அறிவியல் மதிப்பெண் வீண்போகாது.

இன்னொரு வழியும் இருக்கிறது. அதை மறைத்தால் நான் நேர்மையற்றவன். ஆல்பெர்த்தோ வாஸ்கெஸ் ஸ்பெயினின் கலிசியா பகுதியில் உள்ள ஆ கொருஞ்ஞா நகரக்காரர். வலென்சியாவில் நுண்கலை படித்தவர். பெரிய ஸ்டுடியோ எதிலும் வளர்ந்தவர் அல்லர். தன் சித்திரக்கதையை வரைந்து வெளியிட்டார். அதை பில்பாவோவைச் சேர்ந்த திரைக்கதையாளர் பெத்ரோ ரிவேரோவுடன் சேர்ந்து 'பேர்ட்பாய்' என்ற பன்னிரண்டு நிமிடக் குறும்படமாக்கினார். அது 2012இல் கோயா வாங்கியது. அந்த வெற்றியைக் காட்டி இருவரும் முழுப்படத்துக்குப் பணம் திரட்டினார்கள். 'சைக்கோநவுதாஸ்' 2015இல் சான் செபாஸ்தியன் விழாவில் திரையிடப்பட்டு, 2017இல் கோயா வென்றது. அதே இரவில் அவருடைய இன்னொரு குறும்படமும் வென்றது. 2023இல் 'யூனிகார்ன் வார்ஸ்' மறுபடியும். முதல் நாளிலிருந்தே சொந்தக் கதை, சொந்தக் கோடு. ஆனால் பெரியவர்களுக்கான, இருண்ட, வசூலை எதிர்பார்க்க முடியாத படங்கள். கரடிப் பொம்மைகள் வரும் கதைதானே என்று நம்பி அந்தப் போர்ப் படத்துக்குக் குழந்தையைக் கூட்டிக்கொண்டு போனவர்கள் பாவம்.

இந்த வழியில் செலவும் இருக்கிறது, அதைத் தாங்கும் ஏற்பாடு ஸ்பெயினில் இருக்கிறது. அரசு மானியம், பிரெஞ்சு நிறுவனங்களோடு கூட்டுத் தயாரிப்பு, தொலைக்காட்சி நிறுவனங்களின் கட்டாய முதலீடு. அந்நாட்டின் 2010ஆம் ஆண்டு ஒலி-ஒளிபரப்புச் சட்டம், தனியார் தொலைக்காட்சிகள் வருவாயில் 5 சதவீதத்தையும் அரசுத் தொலைக்காட்சி 6 சதவீதத்தையும் ஐரோப்பியப் படைப்புகளில் போட வேண்டும் என்றது. 'கிளௌஸ்' படத்திலும் 'தாதேயோ' படத்திலும் தொலைக்காட்சிக் குழுமங்களின் பட நிறுவனங்கள் கைகோத்தது சும்மா இல்லை. நம் ஊரில் அப்படியொரு சட்டம் கிடையாது. ஆகவே வாஸ்கெஸ் வழியை இங்கே அப்படியே பின்பற்றச் சொல்ல எனக்குத் துணிவில்லை. பாப்லோஸ் வழி நம் நிலைமைக்குப் பொருந்தும்: முதலில் தொழில், கூடவே கதை.

இனி உங்கள் நடைமுறைக் கேள்விகள்.

படிப்பு: அகமதாபாத் தேசிய வடிவமைப்பு நிறுவனத்தில் அனிமேஷன் திரைப்பட வடிவமைப்பில் நான்காண்டுப் பட்டப்படிப்பு இருக்கிறது. பிளஸ் டூவில் எந்தப் பிரிவாக இருந்தாலும் விண்ணப்பிக்கலாம். நுழைவுத் தேர்வு இரண்டு கட்டம்; மென்பொருள் தெரியுமா என்று கேட்கமாட்டார்கள். கவனிக்கத் தெரியுமா, கற்பனை இருக்கிறதா, அதைக் காகிதத்தில் காட்ட முடிகிறதா என்று பார்ப்பார்கள். சென்னை தரமணியில் உள்ள எம்.ஜி.ஆர். அரசு திரைப்படம் மற்றும் தொலைக்காட்சிப் பயிற்சி நிறுவனத்திலும் அனிமேஷன், விஷுவல் எஃபெக்ட்ஸ் பட்டப்படிப்பு இருக்கிறது. அங்கே கட்டணம் உங்கள் குடும்பத்துக்குச் சுமையாக இராது. இரண்டுக்கும் விண்ணப்பிக்கட்டும். பொறியியல் கலந்தாய்வுக்கும் விண்ணப்பித்து வையுங்கள். அது தோல்வி ஒப்புதல் ஆகாது.

நாளிதழில் வரும் 'நூறு சதவீத வேலை உறுதி' விளம்பரங்களோடு நீங்கள் அனுப்பிய துண்டுப் பிரசுரத்தையும் பார்த்தேன். பல லட்சம் கட்டணம், பாடத்திட்டம் முழுக்க மென்பொருள் பெயர்கள். வாழும் உருவத்தைப் பார்த்து வரையும் வகுப்பு வாரத்துக்கு எத்தனை மணி, ஸ்டோரிபோர்டு (கதையைக் காட்சி காட்சியாகப் படம் போட்டுத் திட்டமிடுவது) யார் கற்றுக்கொடுக்கிறார்கள், சென்ற ஆண்டு முடித்த மாணவர்களின் ஷோரீலை (செய்த வேலைகளின் தொகுப்பு வீடியோவை) நான் பார்க்கலாமா என்று மூன்றையும் நேரில் போய்க் கேளுங்கள். மூன்றாவது கேள்விக்குத் தயங்கினால் எழுந்து வந்துவிடுங்கள். வீட்டை அடமானம் வைத்து இப்படிப்பட்ட இடத்தில் சேர்ப்பதற்கு நான் ஒத்துக்கொள்ளமாட்டேன்.

வெளிநாடு இப்போது வேண்டாம். பட்டம் முடித்து, இரண்டு ஆண்டு வேலை பார்த்த பிறகு, பாரிஸின் கோப்லான் போன்ற பள்ளிகளையோ, வாஸ்கெஸ் படித்த வலென்சியா பாலிடெக்னிக் பல்கலைக்கழகத்தின் அனிமேஷன் முதுகலையையோ யோசிக்கலாம். ஸ்பெயின் என்றால் ஸ்பானிய மொழி இல்லாமல் வேலைக்கு ஆகாது. அதற்கு இருக்கும் ஐந்தாறு ஆண்டில் மெதுவாகக் கற்றுக்கொள்ளலாம்.

வேலை: முதல் வேலை பெரும்பாலும் சலிப்பானதாக இருக்கும். அடுத்தவர் வரைந்த கோட்டைச் சுத்தம் செய்வது, படச் சட்டத்திலிருந்து உருவங்களைப் பிரித்தெடுப்பது போன்றவை. ஒப்பந்தம் படத்துக்குப் படம். 2025 பிப்ரவரியில், அனிமேஷனும் விஷுவல் எஃபெக்ட்ஸும் செய்து கொடுத்த டெக்னிகலர் குழுமம் சரிந்தபோது இந்தியாவிலும் ஆயிரக்கணக்கானோர் ஒரேயடியாக வேலையிழந்தார்கள். இதைச் சொல்லாமல் அவளை அனுப்பக் கூடாது. ஆறு மாதச் செலவுக்கான பணத்தை எப்போதும் கையில் வைத்துக்கொள்ளும் பழக்கம் இந்தத் தொழிலில் ஓவியத் திறமைக்கு நிகரானது.

செயற்கை நுண்ணறிவு எல்லாவற்றையும் விழுங்கிவிடும் என்று உங்கள் அண்ணன் சொல்கிறாராம். நான் சொன்ன அந்தச் சலிப்பான முதல் வேலைகளைத்தான் அது முதலில் தொடும் என்று எனக்கும் தோன்றுகிறது. அதனாலேயே, கோட்டைச் சுத்தம் செய்ய மட்டும் தெரிந்தவளாக அவள் கல்லூரியை விட்டு வெளியே வரக் கூடாது. ஸ்டோரிபோர்டு வரையத் தெரிந்தவளுக்கும் காட்சியை எழுதத் தெரிந்தவளுக்கும் இடம் இருக்கும் என்பது என் மதிப்பீடு. அவள் பாடப்புத்தகம் தாண்டித் தமிழில் சிறுகதைகள் படிக்கிறாளா? இல்லையென்றால் இந்த விடுமுறையில் தொடங்கட்டும். நூலக அட்டைக்குச் செலவு அதிகமில்லை.

அடுத்த மாதம் நீங்கள் இருவரும் என்னைப் பார்க்க வரும்போது மதிப்பெண் பட்டியல் வேண்டாம். அவளுடைய ஓவிய நோட்டுகளைக் கொண்டு வரச் சொல்லுங்கள். அழகாக முடித்த படங்களைவிட, பஸ் நிலையத்திலும் சந்தையிலும் உட்கார்ந்து அவசரமாகக் கிறுக்கியவற்றை நான் பார்க்க வேண்டும். கூடவே ஒரு பக்கக் கதை ஒன்று. வசனம் இல்லாமல், யார் என்ன செய்தார் என்பதை மட்டும் எழுதியது. பொறியியல் கலந்தாய்வுக்குப் பதிவு செய்யும் கடைசி நாள் என்ன என்பதையும் குறித்துக்கொண்டு வாருங்கள்.